ஜெர்மன் சினிமாவிலும் டிவியிலும் புரொடக்‌ஷன் டிசைனர் வேலை: திரும்பத் திரும்ப வரும் கேள்விகள்

பெர்லினில் ஆர்ட் டிபார்ட்மென்டில் வேலை பார்க்கிறேன் என்று சொன்னால் போதும், கல்யாண வீடாக இருந்தாலும் வாட்ஸ்அப் குழுவாக இருந்தாலும் அதே கேள்விகள் வரிசையாக வந்துவிடும். ஒவ்வொருவருக்கும் தனித்தனியாக வாய்ஸ் நோட் அனுப்பி அலுத்துவிட்டது. அதனால் கேட்டவர்கள் கேட்டபடியே கேள்விகளை எழுதி, பதிலைக் கீழே போட்டிருக்கிறேன். நான் டிசைனர் இல்லை, ப்ராப்பர்ட்டி, அதாவது காட்சியில் வரும் சாமான்களை, தேடி அலையும் ஆள். டிசைனர்களைப் பக்கத்து மேஜையிலிருந்து பார்ப்பவன் என்பதால் அவர்கள் சொல்லத் தயங்கும் சிலதையும் சொல்ல முடியும்.

புரொடக்‌ஷன் டிசைனர்னா நம்ம ஊர் ஆர்ட் டைரக்டர்தானே? செட் போடுறவர்?

ஏறக்குறைய அவர்தான். நடிகரின் உடம்பு, உடை, ஒப்பனை தவிர ஃப்ரேமுக்குள் தெரியும் மற்ற எல்லாமே அவர் பொறுப்பு. எந்த வீடு, எந்தத் தெரு, சுவரில் என்ன நிறம் என்பதில் தொடங்கி மேஜை மேல் கிடக்கும் கடிதத்தின் தபால்தலை வரைக்கும். ஜெர்மன் படங்களின் பெயர்ப் பட்டியலில் 'ஸேனன்பில்ட்' என்ற தலைப்புக்குக் கீழே வருவது இவர் பெயர். ஆர்ட் டைரக்டர் என்று அங்கே தனியாக ஒருவர் இருந்தால் அவர் இவருக்கு அடுத்த படியில் இருப்பவர். வரைபடம், கட்டுமானம், செலவுக் கணக்கு எல்லாம் அவர் பார்ப்பார். சின்ன டிவி படங்களில் அந்தப் பதவியே இருக்காது.

'செட் போடுறவர்' என்பது பாதிதான் சரி. பெரும்பாலான ஜெர்மன் படங்கள் ஏற்கெனவே இருக்கும் வீட்டிலும் அலுவலகத்திலும்தான் எடுக்கப்படுகின்றன. எதைக் கட்டுவது, எதைத் தேடிப் பிடிப்பது, எதைக் காட்டாமலே சமாளிப்பது என்று முடிவு செய்வதற்குத்தான் அவருக்குச் சம்பளம். அழகாக வரையத் தெரிந்தவர்கள் நிறையப் பேர் இருக்கிறார்கள். கையில் இருக்கும் காசை எந்தச் சுவரில் கொட்டணும், எந்தச் சுவருக்குக் காலணா கூடக் கொடுக்கக் கூடாது என்று தெரிந்தவர்கள்தான் இந்தத் தொழிலில் நிலைக்கிறார்கள். இதைப் பிறகும் பல இடங்களில் சொல்ல வேண்டியிருக்கும்.

ஒரு படத்துல அவர் எப்போ உள்ளே வர்றார், எப்போ கிளம்புறார்?

கேமரா ஓடுவதற்கு வெகு முன்பே வந்துவிடுவார். 90 நிமிட டிவி படத்துக்குச் சில வாரங்கள், பெரிய வரலாற்றுப் படத்துக்குப் பல மாதங்கள். முதல் வேலை திரைக்கதையை இடம் இடமாகப் பிரிப்பது. எத்தனை இடங்கள், ஒவ்வொன்றிலும் எத்தனை காட்சிகள், பகலா இரவா, ஜன்னலுக்கு வெளியே என்ன தெரியணும். இருபது பக்கக் காட்சிகள் நடக்கும் சமையலறையும், ஒருத்தர் அரை நிமிஷம் ஓடிக் கடக்கும் ரயில் நிலையமும் அந்தப் பட்டியலில் ஆளுக்கு ஒரு வரிதான். ஆனால் 1940-களின் ரயில் நிலையம் என்றால் பட்ஜெட்டில் பாதி அங்கேயே போய்விடும். 'அந்தக் காட்சியை டிக்கெட் கவுன்ட்டர் முன்னாடி வச்சுக்கலாமா?' என்று டிசைனர் இயக்குநரிடம் கேட்கும் இடத்தில்தான் உண்மையான டிசைன் ஆரம்பிக்கிறது.

அப்புறம் இடம் தேடல். இயக்குநர், ஒளிப்பதிவாளரோடு முதல் சுற்று. எல்லாத் துறைத் தலைவர்களோடும் இரண்டாவது சுற்று. லைட்காரர் ஜெனரேட்டர் எங்கே நிற்கும் என்று பார்ப்பார், சவுண்ட்காரர் டிராம் சத்தம் கேட்டு முகம் சுளிப்பார். ஷூட்டிங் தொடங்கியதும் டிசைனரை செட்டில் நாள் முழுக்கப் பார்க்க முடியாது. விடியற்காலையில் வந்து இடத்தை ஒப்படைப்பார், முதல் ஷாட் வைக்கும் வரை நிற்பார், பிறகு நாளைக்கோ அடுத்த வாரத்துக்கோ தயாராகும் இடத்துக்கு ஓடுவார்.

கடைசிக் காட்சி முடிந்தாலும் வேலை முடியாது. வாடகைக்கு எடுத்த வீட்டைப் பழையபடி ஆக்கிக் கொடுக்க வேண்டும். உள்ளே நுழையும் முன் ஒவ்வொரு அலமாரியையும் தட்டுத் தட்டாகப் படம் எடுத்து வைத்திருப்போம்; புத்தகங்கள் அதே வரிசையில் திரும்ப ஏறணும், பழுப்பாக்கிய சுவர் மறுபடி வெள்ளையாகணும், கழற்றிய மின்சுவிட்சை அதே ஓட்டையில் மாட்டணும். ஜெர்மன் வீட்டுக்காரர்கள் இதில் விட்டுக்கொடுக்கவே மாட்டார்கள். ஒரு தெருவில் ஒரு வீட்டில் சண்டை வந்தால் அந்தத் தெருவே அடுத்த படத்துக்குக் கதவைச் சாத்திவிடும்.

அவருக்குக் கீழே யாரெல்லாம் இருப்பாங்க?

வரைபடம் போடும் உதவியாளர்கள், எழுத்துகளையும் காகிதங்களையும் பார்க்கும் கிராபிக் ஆள், தச்சர்கள், பெயிண்டர்கள், இடத்தை அலங்கரிக்கும் செட் டிரஸ்ஸர்கள். ப்ராப்பர்ட்டியில் இரண்டு வகை ஆட்கள். ஒருத்தர் வெளியே அலைந்து தேடி, வாடகைக்கு எடுத்து, திரும்பக் கொடுப்பவர், அதாவது என் ஜாதி. இன்னொருத்தர் ஷூட்டிங் இடத்திலேயே இருந்து, இந்த ஷாட்டில் பாதி குடித்த காபி அடுத்த ஷாட்டிலும் பாதியாகவே இருக்கிறதா என்று கவனிப்பவர். இந்த இரண்டு பேரையும் ஒரே ஆளாக்கிச் செலவைக் குறைக்கப் பார்க்கும் தயாரிப்பாளர்கள் உண்டு. படத்தைப் பார்த்தாலே தெரிந்துவிடும்.

ஜெர்மன்காரங்களுக்கு இதுல அப்படி என்ன பெரிய பாரம்பரியம்?

இந்தத் தொழிலையே உலகம் கவனிக்க வைத்ததில் அவர்களுக்குப் பெரிய பங்கு உண்டு. 1920-இல் வந்த 'டாக்டர் கலிகாரி' படத்துக்கு ஹெர்மன் வார்ம், வால்டர் ரைமன், வால்டர் ரோரிக் மூவரும் கோணல்மாணலான சுவர்களைப் போட்டு, நிழலைக்கூடத் தரையிலும் சுவரிலும் பெயிண்டால் தீட்டினார்கள். 1927-இல் வெளிவந்த 'மெட்ரோபோலிஸ்' படத்தின் நகரம் ஓட்டோ ஹுன்டே, எரிஷ் கெட்டல்ஹுட், கார்ல் ஃபோல்பிரெக்ட் ஆகியோரின் வேலை. சின்ன மாதிரிகளைக் கண்ணாடியில் பிரதிபலிக்க வைத்து, அதற்குள் நிஜ மனிதர்கள் நடமாடுவதுபோல் காட்டும் ஓய்கன் ஷுஃப்டானின் உத்தியும் அதில் பயன்பட்டது.

பிறகு நாஜிக்கள் வந்தார்கள், பலர் வெளியேறினார்கள். 1921-இல் பெர்லினில் பிறந்த கிளாவ்ஸ் ஆடம் 1934-இல் குடும்பத்தோடு இங்கிலாந்து போய், பிரிட்டிஷ் விமானப் படையில் போர் விமானம் ஓட்டி, கென் ஆடம் என்ற பெயரில் ஜேம்ஸ் பாண்ட் படங்களின் வில்லன் கோட்டைகளை உருவாக்கினார். இரண்டு ஆஸ்கார் வாங்கிய அவர் தன் வரைபடங்களையெல்லாம் 2012-இல் பெர்லினில் உள்ள டாய்ச்செ கினெமாதேக் திரைப்படக் காப்பகத்திடம்தான் ஒப்படைத்தார். மேற்கு ஜெர்மனியில் ரோல்ஃப் ஸேஹெட்பவர்: மியூனிக் பக்கத்து பவாரியா ஸ்டுடியோவில் எடுத்த 'கேபரே' படத்துக்கு மற்ற இருவரோடு சேர்ந்து ஆஸ்கார், பிறகு 'தாஸ் போட்' நீர்மூழ்கிக் கப்பல். கிழக்கு ஜெர்மனியில் அரசு நடத்திய டெஃபா ஸ்டுடியோவின் ஆல்ஃப்ரெட் ஹிர்ஷ்மையர், முழுப் படத்தையும் முன்கூட்டியே படம் படமாக வரைந்து வைக்கும் பழக்கத்துக்குப் பேர்போனவர்.

நமக்கும் ஒரு தொடர்பு இருக்கிறது. 1930-களில் பம்பாய் டாக்கீஸில் 'அச்சூத் கன்யா' உள்ளிட்ட படங்களுக்கு செட் அமைத்த கார்ல் ஃபோன் ஷ்ப்ரெட்டி ஒரு ஜெர்மன் கட்டடக் கலைஞர். பின்னாளில் அரசியலுக்குப் போய்த் தூதரானார். 1970-இல் குவாதமாலாவில் கடத்திக் கொல்லப்பட்டார். இதைச் சொன்னால் ஜெர்மன் சகாக்களே நம்ப மறுக்கிறார்கள்.

பாபெல்ஸ்பெர்க், பாபெல்ஸ்பெர்க்னு சொல்றாங்களே, அது என்ன ராமோஜி சிட்டி மாதிரியா?

அளவில் ராமோஜி பெரியது, வயதில் இது பெரியது. பெர்லினை ஒட்டிய போட்ஸ்டாமில் 1912-இலிருந்து ஓடுகிற ஸ்டுடியோ. உஃபா என்ற பெரிய படக் கம்பெனியின் காலம், நாஜி காலம், 1946-க்குப் பிறகு டெஃபா காலம், அதன் பின் தனியார் காலம் என்று எல்லாவற்றையும் பார்த்துவிட்டது. டிசைனருக்கு அங்கே முக்கியமானவை மூன்று: பெரிய தளங்கள், செட் கட்டும் பட்டறை, பழைய பொருட்கள் அடுக்கிய கிடங்கு. கிடங்கில் ஒரு வரிசையில் மட்டும் எத்தனையோ விதமான தட்டச்சுப் பொறிகள். 1930-க்கு எது, 1950-க்கு எது என்று அங்கே நின்றுதான் நான் கற்றுக்கொண்டேன்.

வெளியே தெரு செட்டும் உண்டு. 1970-களின் கிழக்கு பெர்லினைக் காட்டும் 'சொன்னன்அல்லே' படத்துக்காக லோதர் ஹோலரின் வடிவமைப்பில் ஒரு தெருவைக் கட்டினார்கள். நிஜ பெர்லின் கைக்கெட்டும் தூரத்தில் இருக்க எதற்குக் கட்ட வேண்டும்? சுவர் விழுந்த பிறகு கிழக்கு பெர்லின் முகப்புகள் எல்லாம் பெயிண்ட் அடித்து, பிளாஸ்டிக் ஜன்னல் வைத்து, பளிச்சென்று ஆகிவிட்டன. பத்து வருஷத்துக்கு முன்னால் இலவசமாகக் கிடைத்த சாம்பல் நிறத்தைக் காசு கொடுத்துக் கட்ட வேண்டியதாயிற்று. அந்தத் தெரு பல படங்களில் பல நகரங்களாக நடித்துவிட்டு, குடியிருப்புகளுக்காக இடிக்கப்பட்டது. 'பாபிலோன் பெர்லின்' தொடருக்காக ஊலி ஹானிஷ் வடிவமைத்த புதுத் தெரு அதற்குப் பதிலாக வந்தது. பணக்காரர் தெரு, தொழிலாளர் தெரு, கடைத்தெரு என்று வெவ்வேறு முகங்களை அருகருகே வைத்து, கேமரா திரும்பினால் வேறு பேட்டை தெரிவதுபோல் கட்டியிருக்கிறார்கள். ஒரு தொடருக்கு மட்டும் என்றால் கட்டுப்படியாகாது, ஸ்டுடியோ பிறகும் வாடகைக்கு விடலாம் என்ற கணக்கோடு எழுந்தது அது.

டிவி வேலைக்கும் சினிமா வேலைக்கும் என்ன வித்தியாசம்? டிவின்னா மட்டமா?

இல்லை. ஜெர்மன் டிசைனர்களில் பெரும்பாலோருக்குச் சோறு போடுவது டிவிதான். ஏ.ஆர்.டி., இசட்.டி.எஃப். போன்ற பொதுத்துறை சேனல்களுக்கு வருஷம் முழுக்கப் படங்கள் தேவை. 1970-லிருந்து ஞாயிற்றுக்கிழமை இரவு 8.15-க்கு வரும் 'டாட்டோர்ட்' துப்பறியும் வரிசையை எடுத்துக்கொள்ளுங்கள். ஒவ்வொன்றும் 90 நிமிடப் படம். ஷூட்டிங்குக்குக் கிடைப்பதோ மூன்று நான்கு வாரங்கள்தான். ஒரே நாளில் இரண்டு இடம் மாற வேண்டியிருக்கும். அதனால் பக்கத்துப் பக்கத்தில் நான்கு இடங்கள் தரும் ஒரே கட்டடத்தைக் கண்டுபிடிப்பவர்தான் கெட்டிக்கார டிசைனர். பழைய ஆஸ்பத்திரி கிடைத்தால் அதிலேயே காவல் நிலையம், வக்கீல் அலுவலகம், பிணவறை எல்லாம் முடிந்துவிடும்.

தினசரி, வாராந்திரத் தொடர்கள் இன்னொரு உலகம். அங்கே செட் நிரந்தரம், டிசைனருக்கு மாதச் சம்பளம், இரவு வீட்டுக்குப் போகலாம். 1985 முதல் 2020 வரை வாரம் தவறாமல் ஓடிய 'லிண்டன்ஸ்ட்ராசே' கதைப்படி மியூனிக்கில் நடக்கிறது. தெரு செட் இருந்ததோ கொலோன் நகரின் போக்லமுண்ட் பகுதியில். தயாரித்த சேனல் அங்கே இருந்தது, அவ்வளவுதான் காரணம். கலைஞர் என்ற கிரீடத்தைக் கழற்றி வைத்தால் குழந்தை குட்டியோடு இருப்பவர்களுக்கு இது நல்ல வேலை என்பேன்.

இதுக்கு எங்கே படிக்கணும்? ஆர்க்கிடெக்சர் முடிச்சிருந்தா போதுமா?

நேரடிப் படிப்பு வேண்டும் என்றால் போட்ஸ்டாமில் கோன்ராட் வோல்ஃப் பெயரில் இருக்கும் பாபெல்ஸ்பெர்க் திரைப்படப் பல்கலைக்கழகத்தில் ஸ்செனோகிராஃபி, அதாவது காட்சி அமைப்புப் படிப்பு, இருக்கிறது, கொலோனில் ஐ.எஃப்.எஸ். திரைப்படப் பள்ளி இருக்கிறது. எடுக்கும் இடங்கள் கொஞ்சம், போட்டி அதிகம், போர்ட்ஃபோலியோவும் நேர்முகத் தேர்வும் உண்டு. வெறும் அழகான ஓவியங்களை அனுப்பாதீர்கள். ஒரு கதையை எடுத்து, அதில் ஒரு அறை ஏன் அப்படி இருக்கிறது என்று காட்டுங்கள்.

ஆர்க்கிடெக்சர், உள் அலங்கார வடிவமைப்பு, மேடை அரங்கக் கலை, தச்சு என்று எங்கிருந்தும் வந்தவர்கள் இருக்கிறார்கள். கென் ஆடம் லண்டனில் கட்டடக் கலை படித்தவர். ஆர்க்கிடெக்ட்களுக்கு ஒரு பழக்கம் மட்டும் மாற வேண்டும்: நாற்பது வருஷம் நிற்பதற்குப் பதில் நான்கு நாள் நிற்பதைக் கட்டணும், அதிலும் கேமரா பார்க்காத பக்கம் வெறும் சட்டம்தான். மற்றபடி ஸ்கெட்ச்அப், வெக்டர்வொர்க்ஸ் மாதிரி வரைபட மென்பொருள் ஏதாவது ஒன்று கைவசம் இருப்பது நல்லது. இந்தியாவிலிருந்து படிக்க வருபவர்களுக்கு: ஜெர்மனியில் பட்டம் முடித்தால் வேலை தேட 18 மாதம் தங்க அனுமதி கிடைக்கிறது. சினிமா மாதிரி துண்டு துண்டு வேலையில் விசாவுக்கு ஏற்ற ஒப்பந்தம் கிடைப்பது வேறு கஷ்டம், முன்பே விசாரித்துக்கொள்ளுங்கள்.

ஜெர்மன் தெரியாம சமாளிக்க முடியுமா?

வெளிநாட்டுப் படங்களில் முடியும், அங்கே ஆர்ட் டிபார்ட்மென்ட் ஆங்கிலத்தில்தான் ஓடுகிறது. மற்ற இடங்களில் முடியாது. தச்சர், வீட்டுக்கார அம்மா, பழைய சாமான் கடைக்காரர், நகராட்சி அலுவலகம் எல்லோரிடமும் ஜெர்மனில் பேரம் பேசணும்.

முதல் வேலை எப்படிக் கிடைக்கும்? டிசைனர் ஆக எத்தனை வருஷம் ஆகும்?

பெரும்பாலும் ப்ராக்டிகன்ட்டாக, அதாவது பயிற்சி ஆளாக. வேன் ஓட்டத் தெரிந்தால் உங்கள் மதிப்பு இரண்டு மடங்கு. டிரைவிங் லைசென்ஸ் இல்லாத ஓவியரைவிட லைசென்ஸ் உள்ள சுமாரான ஓவியருக்குத்தான் முதலில் போன் வரும். அங்கிருந்து உதவியாளர், செட் டிரஸ்ஸர் அல்லது ஆர்ட் டைரக்டர், அப்புறம் யாராவது ஒரு இயக்குநர் தன் முதல் சின்னப் படத்துக்கு உங்களை டிசைனராக நம்பிக் கூப்பிடுவார். பத்து வருஷம் ஆவது சகஜம். மாணவர் குறும்படங்களில் காசு இல்லாமல் டிசைன் செய்யும் குறுக்குவழியும் உண்டு. உங்களோடு அந்தக் குறும்படம் எடுத்தவர் பெரிய இயக்குநராக வளர்ந்தால் நீங்களும் வளர்வீர்கள். ஊலி ஹானிஷின் பெயர் டாம் டிக்வரின் படங்களோடு எப்படி ஒட்டிக்கொண்டிருக்கிறது என்று பாருங்கள்.

யாரும் வெளிப்படையாகச் சொல்லாத ஒன்று: உங்கள் வீட்டு முகவரி. ஜெர்மனியில் படங்களுக்குப் பணம் தருவதில் மாநில நிதியங்களுக்குப் பெரிய பங்கு. பெர்லின்-பிராண்டன்பர்க், பவாரியா, நார்த் ரைன்-வெஸ்ட்ஃபாலியா என்று தனித்தனி. கொடுத்த பணம் தங்கள் மாநிலத்திலேயே செலவாகணும் என்பது நிபந்தனை. அதனால் தயாரிப்பாளர் உங்கள் போர்ட்ஃபோலியோவைத் திறக்கும் முன் 'எந்த ஊரில் பதிவு?' என்று கேட்பார். கொலோன் பணத்தில் எடுக்கும் படத்துக்குக் கொலோன்காரர் முந்திவிடுவார். நண்பர் வீட்டு முகவரி இன்னொரு மாநிலத்தில் வைத்திருப்பவர்களைப் பற்றி நான் எதுவும் சொல்லவில்லை.

சம்பளம் எவ்வளவு? ஒரு படம் முடிஞ்சு அடுத்த படம் வரை என்ன பண்றது?

வாரக் கணக்கில் சம்பளம். வெர்டி தொழிற்சங்கமும் தயாரிப்பாளர்கள் கூட்டமைப்பும் பேசி முடித்த ஊதியப் பட்டியல் இருக்கிறது, யார் வேண்டுமானாலும் பார்க்கலாம். அதில் டிசைனர் மேல் வரிசையில்தான் வருகிறார். தொகை அடிக்கடி திருத்தப்படுவதால் இங்கே எழுதவில்லை. பெரும்பாலோர் படம் முடியும் வரை அந்தக் கம்பெனியின் ஊழியர். ஓய்வூதியம், மருத்துவக் காப்பீடு, வேலையின்மைக் காப்பீடு எல்லாம் சம்பளத்திலேயே பிடிப்பார்கள். கூடுதல் நேரம் ஒரு கணக்கில் ஏறிக்கொண்டே போய், கடைசியில் ஒப்பந்த நாட்களாக நீளும்.

நடுவில் வரும் இடைவெளிதான் பிரச்சினை. வேலையின்மைப் பணம் வாங்க 30 மாதத்துக்குள் 12 மாதம் காப்பீடு கட்டியிருக்க வேண்டும். குறுகிய ஒப்பந்தக்காரர்களுக்கு ஆறு மாதம் போதும் என்று ஒரு சலுகை உண்டு, அதற்கும் நிபந்தனைகள். கிடைத்தால், கடைசி நிகர சம்பளத்தில் சுமார் 60 சதவீதம், குழந்தை இருந்தால் 67. என்னைக் கேட்டால், முதல் பெரிய சம்பளத்தில் சோபா வாங்காதீர்கள். குளிர்காலத்தில் ஷூட்டிங் குறையும்போது அந்தப் பணம் வேண்டும்.

ஜெர்மன் படம்னாலே ஹிட்லர், பெர்லின் சுவர், ஸ்டாசிதானா? டிசைனருக்கு அலுக்காதா?

சமகாலக் கதைகள்தான் எண்ணிக்கையில் அதிகம். வெளிநாட்டுக்குப் போய்ச் சேருவது வரலாற்றுப் படங்கள். ஒரே நூற்றாண்டில் பேரரசு, வைமார் குடியரசு, நாஜி ஆட்சி, இரண்டு ஜெர்மனிகள், மறுபடி ஒரே ஜெர்மனி என்று மாறிய நாட்டில் ஒரு கதவுக் கைப்பிடிகூட எந்த ஆட்சிக்காலம் என்று காட்டிக்கொடுத்துவிடும். கடைப் பலகையில் ஃபிராக்டூர் என்ற, முனை முனையாக இருக்கும் பழைய ஜெர்மன் எழுத்தா? நாஜி காலம் என்றாலே அந்த எழுத்துதான் என்று எல்லோரும் நினைக்கிறார்கள், ஆனால் 1941 ஜனவரியில் நாஜிக்களே அதைக் கைவிட உத்தரவு போட்டார்கள். உறையில் ஐந்து இலக்க அஞ்சல் குறியீடா? அது 1993 ஜூலையில்தான் வந்தது, அதற்கு முன் நான்கு இலக்கம். இதையெல்லாம் கவனிக்கும் ஓய்வுபெற்ற தபால்காரர்கள் ஜெர்மனியில் நிறைய. சேனலுக்குக் கடிதமும் எழுதுவார்கள்.

அலுப்பு வரும் இடம் வேறு. கிழக்கு ஜெர்மனி என்றால் ஒரே சாம்பல், ஸ்டாசி, அதாவது அந்த நாட்டு ரகசியப் போலீஸ், என்றால் ஒரே பழுப்பு என்ற தயார்நிலைப் படம் தயாரிப்பாளர் தலையில் இருக்கும். அங்கே வளர்ந்தவர்களைக் கேட்டால் ஆரஞ்சு விளக்குகளும் பூப்போட்ட வால்பேப்பரும் ஞாபகம் வருகிறது என்பார்கள். 'குட் பை லெனின்' படத்தில் அம்மாவின் அறையை ஞாபகப்படுத்திப் பாருங்கள். லோதர் ஹோலர் டெஃபாவில் வளர்ந்தவர்; எந்த அலமாரி எந்தச் சுவரில் நின்றது என்று அவருக்குப் புத்தகம் பார்க்கத் தேவையில்லை. 'டார்க்' தொடரில் ஊடோ கிராமர் செய்ததும் சுவாரசியமானது. ஒரே ஊர் 1953, 1986, 2019 என்று வருகிறது. பார்ப்பவர் தேதி அட்டை இல்லாமலே எங்கே இருக்கிறோம் என்று கண்டுபிடிக்கணும், ஆனால் அதே இடம் என்பதும் புரியணும்.

புதுச் சுவரை எப்படி அவ்வளவு பழசா காட்டுறாங்க?

இது பெயிண்டர்களின் சாமர்த்தியம். சுவரை ஒரே சீராக அழுக்காக்கினால் பொய் என்று உடனே தெரியும். மனிதர் கை படும் இடத்தில்தான் அழுக்கு சேரும்: சுவிட்சைச் சுற்றி, கதவின் விளிம்பில், நாற்காலி முதுகு உரசும் உயரத்தில். நிலக்கரி அடுப்பு வைத்த பழைய பெர்லின் வீடு என்றால் அடுப்பு வாய்க்கு மேலே கரிப்புகை விசிறி போல விரியணும். ஆள் சிகரெட் பிடிப்பவர் என்றால் மஞ்சள் கூரையிலிருந்து கீழே இறங்கும்; மேலே அடர்த்தி, கீழே போகப் போக மெலிசு. படம் மாட்டியிருந்த இடத்தில் வெளிறிய செவ்வகம், அதற்கு மேல் ஒரு ஆணி. அந்த ஆணியைப் பார்த்துத்தான் யாரோ இங்கிருந்து போய்விட்டார்கள் என்று நாம் புரிந்துகொள்கிறோம், வசனம் வேண்டியதில்லை.

இத்தனைக்கும் நடுவில் தீயணைப்பு விதி. தளத்துக்குள் வரும் பலகை, துணி, திரை எல்லாம் எளிதில் தீப்பிடிக்காத பி-1 வகையாக இருக்கணும். பாட்டி வீட்டு அசல் திரைச்சீலை அழகாகத்தான் இருக்கும், முதலில் மருந்தில் நனைத்துக் காயப் போட வேண்டும்.

நாஜி ஸ்வஸ்திகா கொடியைத் தெருவுல மாட்டினா ஜெயில்னு சொல்றாங்களே, அப்போ படம் எப்படி எடுக்கிறாங்க?

ஜெர்மன் தண்டனைச் சட்டம் 86அ பிரிவு அந்தச் சின்னங்களைப் பொது இடத்தில் காட்டுவதைத் தடை செய்கிறது. கலை, ஆராய்ச்சி, கல்வி போன்றவற்றுக்கு விலக்கு உண்டு, அதனால் படம் எடுக்கலாம். சிக்கல் நடைமுறையில். தெருவில் படம் பிடிக்கும்போது சும்மா நடந்து போகிற ஒருவர், அதுவும் அந்தக் கொடியால் குடும்பத்தை இழந்தவராக இருக்கலாம், திடீரென்று நிமிர்ந்து பார்க்கிறார். அதனால் முன்கூட்டியே குடியிருப்போருக்குக் கடிதம் போகும், ஷாட் முடிந்ததும் கொடியைச் சுருட்டுவோம் அல்லது மூடுவோம், நாள் முடிவில் எண்ணிப் பூட்டி வைப்போம். திருடிப் போய் இணையத்தில் விற்க ஆட்கள் இருக்கிறார்கள் என்பதும் ஒரு காரணம்.

இடம் கிடைப்பதும் லேசில்லை. ஹிட்லர் கொலை முயற்சி பற்றிய 'வால்கிரி' படத்துக்கு, அந்தச் சதிகாரர்கள் சுட்டுக் கொல்லப்பட்ட பெண்ட்லர்பிளாக் வளாகத்தில் படம் பிடிக்க முதலில் அனுமதி மறுத்து, பெரிய விவாதத்துக்குப் பிறகுதான் கொடுத்தார்கள். 'பிறரின் வாழ்க்கை' என்ற ஸ்டாசி படத்துக்கும் ஹோஹன்ஷோன்ஹவுசன் சிறை நினைவகம் மறுத்துவிட்டது.

எல்லாத்தையும் கம்ப்யூட்டர்ல, எல்.இ.டி. சுவர்ல செய்யுறாங்களே, இனிமே டிசைனர் எதுக்கு?

2021-இல் பாபெல்ஸ்பெர்கில் 'டார்க் பே' என்ற எல்.இ.டி. தளம் வந்தது. '1899' தொடரின் கப்பல் காட்சிகளை அங்கே எடுத்தார்கள். செட்டைச் சுழலும் மேடையில் வைத்து, பின்னால் திரையில் கடல். டிசைனரும் அதே ஊடோ கிராமர்தான். இப்படி வேலை செய்யும்போது டிசைனருக்கு வேலை குறைவதில்லை, முன்னால் நகர்கிறது. பின்னணியில் தெரியப்போகும் கடலும் வானமும் படப்பிடிப்புக்கு முன்பே முடிந்திருக்கணும், 'அப்புறம் பார்த்துக்கலாம்' என்ற சொகுசு போய்விட்டது. இரண்டாவது பதிலில் சொன்ன முன் தயாரிப்பு மாதங்கள் இன்னும் நீள்கின்றன.

எனக்கு இதில் பெரிய பயமில்லை. 2022-இல் வந்த 'ஆல் கொயட் ஆன் தி வெஸ்டர்ன் ஃப்ரன்ட்' என்ற முதல் உலகப் போர்ப் படத்துக்குப் பதுங்கு குழிகளைப் பிராக் அருகே ஒரு பழைய விமானதளத்தில் நிஜமாகவே தோண்டினார்கள். கிறிஸ்டியான் எம். கோல்ட்பெக், எர்னெஸ்டினே ஹிப்பர் இருவருக்கும் 2023-இல் ஆஸ்கார் வாங்கித் தந்தது அந்தச் சேறு. பயம் இருந்தால் அது கிராபிக் உதவியாளர்களுக்கும் ஸ்கெட்ச் போடுபவர்களுக்கும்தான். அவர்கள் செய்த ஆரம்பப் படங்களை இப்போது மென்பொருள் நிமிஷத்தில் துப்புகிறது.

ஹாலிவுட் படம் ஜெர்மனியில எடுத்தா ஜெர்மன் டிசைனருக்கு என்ன கிடைக்கும்?

பெரும்பாலும் தலைமை டிசைனர் அமெரிக்காவிலிருந்தோ இங்கிலாந்திலிருந்தோ வருவார். அவருக்குக் கீழே ஆர்ட் டைரக்டர்கள், செட் டெக்கரேட்டர், கட்டுமானக் குழு உள்ளூர்க்காரர்கள். 'பிரிட்ஜ் ஆஃப் ஸ்பைஸ்' படத்துக்கு ஆஸ்கார் பரிந்துரை பெற்ற மூவரில் ஒருவர் ஜெர்மன் செட் டெக்கரேட்டர் பெர்ன்ஹார்ட் ஹென்ரிஷ். சம்பளமும் அனுபவமும் நன்றாக இருக்கும், முடிவெடுக்கும் அதிகாரம்தான் இருக்காது.

விதிவிலக்குகள் உண்டு. 'தி இன்டர்நேஷனல்' படத்தின் துப்பாக்கிச் சண்டைக்காக நியூயார்க் குகன்ஹைம் அருங்காட்சியகத்தின் சுழல் மண்டபத்தை ஊலி ஹானிஷ் குழு பெர்லினுக்கு வெளியே ஒரு பழைய ரயில் என்ஜின் ஷெட்டுக்குள் முழு அளவில் கட்டியது. அசல் மியூசியத்தில் சுவரைச் சுட விடுவார்களா? 'குவீன்ஸ் காம்பிட்' தொடரில் அவர் பெர்லினையே மாஸ்கோ, லாஸ் வேகஸ், மெக்சிகோ சிட்டி என்று மாற்றிக் காட்டி 2021-இல் எம்மி வாங்கினார்.

இயக்குநரும் ஒளிப்பதிவாளரும் ஒரு பக்கம், டிசைனர் ஒரு பக்கம்னா யார் பேச்சு எடுபடும்?

இயக்குநர் பேச்சுதான். ஆனால் நல்ல டிசைனர் அந்தச் சண்டை வரும் முன்பே சுவரைக் கட்டிவிடுவார். அறையில் ஜன்னல் எங்கே வைக்கிறோம் என்பது ஒளிப்பதிவாளரின் வெளிச்சத்தை முடிவு செய்கிறது, கதவு எங்கே என்பது நடிகரின் நடையை முடிவு செய்கிறது. 'தாஸ் போட்' கப்பலின் உட்புறம் நிஜ அளவுக்கே குறுகலாகக் கட்டப்பட்டு, ஆட்டும் இயந்திரத்தின் மேல் வைக்கப்பட்டிருந்தது. அதற்குள் பெரிய கேமரா நுழையாது. ஒளிப்பதிவாளர் யோஸ்ட் வக்கானோ சின்னக் கேமராவைக் கையில் பிடித்துக்கொண்டு ஓடினார். நமக்கு மூச்சு முட்டுவதற்குப் பாதிக் காரணம் அந்தக் குறுகல்தான்.

டிசைனர் உருவாக்கின செட், வரைபடம் எல்லாம் யாருக்குச் சொந்தம்? படம் மறுபடி மறுபடி ஓடினா அவருக்குக் காசு வருமா?

ஒப்பந்தப்படி பயன்பாட்டு உரிமை தயாரிப்பாளருக்குப் போய்விடும். செட் பொருட்களும் கம்பெனிக்குத்தான்; படம் முடிந்ததும் பாதி கிடங்குக்கு, மீதி விற்பனைக்கு அல்லது குப்பைக்கு. ஆனால் ஜெர்மன் சட்டத்தில் படைப்பாளி என்ற உரிமையை முழுக்க விற்றுத் தீர்க்க முடியாது. ஃபாவ்கே பில்ட்-குன்ஸ்ட் என்ற உரிமைச் சங்கத்தில் இயக்குநர், ஒளிப்பதிவாளர், எடிட்டரோடு செட், உடை வடிவமைப்பாளர்களும் உறுப்பினராகலாம். கேபிள் மறுஒளிபரப்பு, தனிப்பட்ட நகலெடுப்புக்கான கட்டணம் போன்றவற்றிலிருந்து வரும் பணத்தை அது பிரித்துக் கொடுக்கிறது. பெரிய தொகை என்று எண்ண வேண்டாம், ஆனால் செய்த படங்களை ஒழுங்காகப் பதிவு செய்தால் வரும், பதிவு செய்யாவிட்டால் வராது. இளையவர்கள் பலர் உறுப்பினர் படிவத்தையே நிரப்புவதில்லை. ஒப்பந்தத்தில் சந்தேகம் என்றால் கையெழுத்துக்கு முன்பே செட், உடை வடிவமைப்பாளர்களின் தொழில்முறைச் சங்கமான வி.எஸ்.கே.யிடம் கேளுங்கள்.